ஒரே பெயர், வேறு வேறு ஆள்: நூல் பட்டியலில் பெயர்க் குழப்பத்தை அறிகுறி பார்த்துத் தீர்ப்பது

மேசையில் இரண்டு புத்தகங்கள். ஒன்று மெல்லிய கவிதைத் தொகுப்பு, ஸ்டேப்ளர் பின் துருப்பிடித்துப் பக்கத்தில் கறை இறங்கியிருக்கிறது. உள்ளே சிராங்கூன் சாலை அச்சகம் ஒன்றின் முகவரி. இன்னொன்று சென்னையில் அச்சான தடித்த சித்த மருத்துவ நூல். இரண்டிலும் ஆசிரியர் பெயர் ஒன்றே, இனிஷியலும் ஒன்றே. கணினிப் பட்டியலில் இரண்டும் ஒரே ஆளின் கீழ் உட்கார்ந்திருந்தன.

சிங்கப்பூரில் ஒரு வாசிப்பறையின் தமிழ் நூல்களுக்குப் பட்டியல் போடும் வேலையை ஓய்வு நேரத்தில் செய்துவருகிறேன். அந்தக் கவிஞர் இங்கே பள்ளி ஆசிரியராக இருந்தவர் என்பது அவருடைய என்னுரையைப் படித்தபோதுதான் தெரிந்தது. அவர் போட்டது அந்த ஒரே புத்தகம். மருத்துவ நூல்காரர் போட்டது முப்பது. முப்பதோடு ஒன்றாகச் சேர்ந்ததும் கவிஞர் இருந்த தடமே இல்லாமல் போய்விட்டார். யாரோ கணினியில் 'ஒரே பெயர், சேர்த்துவிடு' என்று ஒரு பொத்தானை அழுத்தியதால் நடந்தது இது. எனக்கு மனசு கேட்கவில்லை. அன்றிலிருந்து பெயர்க் குழப்பத்தை நூல் நூலாகப் பார்த்துச் சரிசெய்கிறேன்.

கீழே உள்ளவை அந்த அனுபவத்தில் கண்ட அறிகுறிகள். சங்க நூலகம், கோயில் வாசிப்பறை, வீட்டுச் சேகரிப்பு, மாணவர் ஆய்வேடு எதுவானாலும் பொருந்தும்.

அறிகுறி: ஒருவர் பெயரின் கீழ் ஒட்டாத நூல்கள் வருகின்றன

கவிதை, கணக்கு, மருத்துவம், பக்தி எல்லாம் ஒரே பெயரில் இருக்கிறதா? முதலில் ஆண்டுகளைப் பாருங்கள். முதல் நூலுக்கும் கடைசி நூலுக்கும் எழுபது வருட இடைவெளி என்றால் அங்கே இரண்டு பேர் இருக்க வாய்ப்பு அதிகம். ஆண்டு மட்டும் போதாது. இறந்துபோனவரின் நூல்கள் மறுபதிப்பாக வந்துகொண்டே இருக்கும். அதனால் மறுபதிப்பு ஆண்டை ஒதுக்கிவிட்டு முதற்பதிப்பு ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து, புத்தகத்தைக் கையில் எடுக்க வேண்டும். அட்டையை நம்பாதீர்கள். தலைப்புப் பக்கம், அதன் பின்பக்கம், என்னுரை, அணிந்துரை, பின்னட்டைக் குறிப்பு என்ற வரிசையில் பாருங்கள். எனக்கு அதிகம் கைகொடுத்தது என்னுரையின் கடைசி மூன்று வரிகள்தான். அங்கேதான் ஊர், தேதி, சில சமயம் தொழில்கூட இருக்கும். சிங்கப்பூரில் வெளியான நூல் என்றால் சட்டப்படி தேசிய நூலகத்துக்கு 2 பிரதிகள் போக வேண்டும். ஆகவே உங்களிடம் பிரதி இல்லாவிட்டாலும் விக்டோரியா ஸ்திரீட்டில் லீ கொங் சியான் மேற்கோள் நூலகத்தில் கேட்டுப் பார்க்கலாம்.

இரண்டு பேர் என்று உறுதியானதும் பெயரோடு ஒரு அடையாளம் சேர்க்க வேண்டும். நூலகத்தார் பிறந்த ஆண்டு, இறந்த ஆண்டைச் சேர்ப்பார்கள். அது கிடைக்காவிட்டால் இனிஷியலை விரித்து முழுப்பெயர், அதுவும் இல்லையென்றால் தொழில். நம் ஊர்ப் பட்டியலுக்கு நான் ஊரையும் சேர்ப்பேன்.

இந்த முறையை நாம் வெளியிலிருந்து கற்க வேண்டியதே இல்லை. சங்கப் பாடல்களைத் தொகுத்தவர்களுக்கும் இதே தலைவலி இருந்திருக்கிறது. சாத்தன், கண்ணன், நாகன் என்று எங்கும் ஒரே பெயர்கள். அவர்கள் ஊரைச் சேர்த்தார்கள், தொழிலைச் சேர்த்தார்கள், தகப்பன் பெயரைச் சேர்த்தார்கள். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் என்றால் தானிய வணிகம் செய்தவர். மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் துணி விற்றவர். உறையூர் மருத்துவன் தாமோதரனார், மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்று ஒவ்வொரு பெயருக்குள்ளும் ஒரு முழுப் பதிவு இருக்கிறது. அரசர்களில் கிள்ளிவளவன் இரண்டு பேர் வந்தபோது இறந்த இடத்தை வைத்தே பிரித்தார்கள்: குராப்பள்ளித் துஞ்சிய கிள்ளிவளவன், குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவன். பெயர் தெரியாத புலவரையும் கைவிடவில்லை. குறுந்தொகை 40ஆம் பாட்டில் வரும் 'செம்புலப் பெயனீர்' என்ற தொடரையே எடுத்துச் செம்புலப்பெயனீரார் என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

வாசகர்களும் தாமாகவே இப்படிப் பிரித்துக்கொள்கிறார்கள். எஸ். ராமகிருஷ்ணன் என்றால் 2018ஆம் ஆண்டுக்கான சாகித்ய அகாதெமி விருது பெற்ற நாவலாசிரியரா, தற்காலத் தமிழ் அகராதியை வெளியிட்ட பதிப்பாளரா? பேச்சில் ஒருவர் எஸ்.ரா., மற்றவர் க்ரியா ராமகிருஷ்ணன். குழப்பமே இல்லை. பட்டியலில் அந்த 'க்ரியா' விழுந்துவிட்டால்தான் அகராதியும் நாவலும் ஒரே ஆள் தலையில் வந்து விழுகின்றன. ஆகவே மக்கள் வாயில் ஏற்கெனவே ஒரு அடைமொழி இருந்தால் அதையும் பதிவில் ஏற்றுங்கள்.

அறிகுறி: ஒரே ஆள் மூன்று பேராகப் பிரிந்து கிடக்கிறார்

இது முன்னதற்கு நேர் எதிர். பெரும்பாலும் இனிஷியல்தான் காரணம். ஆங்கிலத்தில் 'என்' என்று ஒரே எழுத்தாக இருப்பது தமிழில் ந., நா., நி., என். என்று எப்படி வேண்டுமானாலும் வரும். 'எஸ்' இன்னும் மோசம்: சு., சி., ச., சா., ஸ்ரீ., எஸ். சிங்கப்பூர்க் கவிஞர் ந. பழனிவேலுவை ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு மாற்றும் ஒருவர் 'என். பழனிவேலு' என்றோ, யூகித்து 'நா. பழனிவேலு' என்றோ எழுதிவிட்டால் பட்டியலில் புதிதாக ஒருவர் பிறந்துவிடுவார். இனிஷியலை ஒருபோதும் யூகிக்காதீர்கள். ஆசிரியர் தம் நூலில் போட்டுக்கொண்ட எழுத்து எதுவோ அதுதான்.

அப்புறம், வடமொழி எழுத்து. ராஜேந்திரன், இராசேந்திரன், இராஜேந்திரன் மூன்றும் ஒருவராக இருக்கலாம். ஷண்முகம், சண்முகம் அப்படியே. இளமையில் ஜெயராமன் என்று எழுதியவர் தனித்தமிழ்ப் பற்று வந்தபின் செயராமன் ஆகியிருப்பார். ஒரு பெயரைத் தேடும்போது முன்னால் இ போட்டும் போடாமலும், ஜ-வுக்கு ச போட்டும் ஒருமுறை தேடிப் பாருங்கள்.

புனைபெயர் மூன்றாவது காரணம். சிங்கப்பூரின் மா. இளங்கண்ணனின் இயற்பெயர் பாலகிருஷ்ணன். புதுமைதாசன் என்ற பெயரில் எழுதியவர் பி. கிருஷ்ணன். இரண்டு பெயரையும் வைத்துக்கொண்டு ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு 'காண்க' என்று கை காட்டினால் போதும். தலைப்பாக எதை வைப்பது? புத்தகத்தின் தலைப்புப் பக்கத்தில் எது அதிகம் வந்திருக்கிறதோ அது.

அறிகுறி: மகனின் நூல் அப்பா பெயரில் நிற்கிறது

இதை நான் நீட்டித்தான் சொல்லப்போகிறேன். இங்கே வாழும் தமிழர் எல்லோருக்கும் ஏதாவது ஒரு படிவத்தில் நேர்ந்திருக்கும்.

நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது. நம் பெயருக்கு முன்னால் அப்பா பெயரின் முதலெழுத்து வரும். சிங்கப்பூர் அடையாள அட்டையிலோ நம் பெயர் முதலில், பிறகு 'சன் ஆஃப்' அல்லது 'டாட்டர் ஆஃப்', அதன்பின் அப்பா பெயர். இணையப் படிவம் கேட்பது 'முதல் பெயர், கடைசிப் பெயர்'. கடைசியில் இருப்பது அப்பா பெயர், அதை அங்கே போடுகிறோம். ஆய்வுக் கட்டுரையின் துணைநூல் பட்டியல் கடைசிப் பெயரைத்தான் முதலில் போடும். ஆக மகள் எழுதிய கட்டுரையை உலகம் அப்பா எழுதியதாக மேற்கோள் காட்டுகிறது. தங்கை பெயரும் அதேபோல வரும். பிறகு அக்கா, தங்கை இருவரும் ஒரே ஆராய்ச்சியாளர் ஆகிவிடுகிறார்கள்.

கோவிந்தசாமி என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள். சிங்கப்பூர்த் தமிழர் வரலாற்றில் இந்தப் பெயரைத் தேடினால் குறைந்தது மூன்று திசையில் போகும். நா. கோவிந்தசாமி (1946–1999) எழுத்தாளர், 'கணியன்' மென்பொருள் வழியாகத் தமிழை இணையத்துக்குக் கொண்டுபோன முன்னோடி. பி. கோவிந்தசாமி பிள்ளை வணிகர், கொடையாளர். ஸ்ரீனிவாசப் பெருமாள் கோயிலில் பலர் திருமணம் செய்துகொண்ட பிஜிபி மண்டபம் அவர் பெயரில் இருப்பதுதான். மூன்றாவது கோ. சாரங்கபாணி, 1935இல் தமிழ் முரசைத் தொடங்கியவர். அவருடைய 'கோ' கோவிந்தசாமிதான். ஆங்கிலப் பதிவுகளில் கோவிந்தசாமி சாரங்கபாணி என்று முழுதாக விரித்து எழுதியிருப்பார்கள். அதைக் கணினி எப்படிப் படிக்கிறது என்பதைப் பொறுத்து அவர் கோவிந்தசாமியாகவும் மாறுவார், சாரங்கபாணியாகவும் இருப்பார்.

தீர்வு இரண்டு நிலையில். பட்டியல் உங்களுடையது என்றால் 'ஆசிரியர் பெயர்', 'தந்தை பெயர் / இனிஷியல்' என்று இரண்டு நிரல்களாக எக்செல்லில் பிரித்துவிடுங்கள். ஒரே நிரலில் இருப்பதை இயந்திரத்தால் சரியாகப் பிரிக்க முடியாது. எழுதுபவர் நீங்கள் என்றால் முதல் கட்டுரையிலேயே உங்கள் பெயர் அச்சில் எப்படி வர வேண்டும் என்று முடிவு செய்து கடைசிவரை மாற்றாதீர்கள். கடைசிப் பெயர்க் கட்டத்தில் உங்கள் பெயரையும், முதல் பெயர்க் கட்டத்தில் இனிஷியலையும் இடுவது பலருக்கு நன்றாக வேலை செய்திருக்கிறது. ஆய்வு மாணவர்கள் ஆர்கிட் (ORCID) என்ற ஆய்வாளர் அடையாள எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். இலவசம், 16 இலக்கம், ஒரு ஆளுக்கு ஒன்று. ஐஎஸ்பிஎன் இதற்கு உதவாது, அது புத்தகத்தின் எண்.

அறிகுறி: நூல் இருக்கிறது என்று தெரியும், ஆங்கில எழுத்தில் தேடினால் வரவில்லை

சுப்பிரமணியம் என்ற பெயரை இந்த ஊரில் எத்தனை எழுத்துக்கூட்டலில் பார்த்திருக்கிறேன்! முடிவில் எம்மும் வரும், என்னும் வரும். நடுவில் பி ஒன்று, இரண்டு. அப்பாவின் பெயர் அண்ணன் அடையாள அட்டையில் ஒரு விதம், தம்பி அட்டையில் இன்னொரு விதம்.

நூலகங்களுக்கோ ரோமன் எழுத்தில் தமிழை எழுத ஒரு தனி முறை உண்டு. ஒரு தமிழ் எழுத்துக்கு ஒரே ரோமன் எழுத்து, ஒலி மாறினாலும் அது மாறாது. பழனிக்குப் போடும் முதலெழுத்துதான் பாரதிக்கும். கண்ணனுக்குப் போடுவதுதான் காந்திக்கும். சுப்பிரமணியத்தை 'எஸ்' வரிசையில் தேடினால் இருக்காது, 'சி' வரிசையில் இருப்பார். ழ-வுக்கு எல் எழுத்தின் கீழே ஒரு கோடு, ள-வுக்கு ஒரு புள்ளி. இதைத் தெரிந்துகொண்டால் பாதிப் பிரச்சினை தீர்ந்தது. மீதிப் பாதிக்கு ஒரே வழி: முதலில் தமிழ் எழுத்தில் தேடுங்கள், கிடைக்காவிட்டால் நூலின் பெயரை வைத்துத் தேடுங்கள், ஆசிரியர் பெயரை ரோமனில் தட்டுவது கடைசி.

அறிகுறி: ஆளைத் தேடினால் பள்ளிக்கூடம் வருகிறது

'உமறுப் புலவர்' என்று தட்டிப் பாருங்கள். சீறாப்புராணம் பாடிய புலவர் வருவார். கூடவே சிங்கப்பூரில் இருந்த உமறுப் புலவர் தமிழ்ப் பள்ளியும், பிறகு வந்த உமறுப் புலவர் தமிழ்மொழி நிலையமும் வரும். பள்ளியைப் பற்றி ஒரு முன்னாள் மாணவர் எழுதிய நினைவுக் கட்டுரை, புலவரைப் பற்றிய ஆய்வுகளுக்கு நடுவில் போய் நிற்கும். 'கல்கி' அதைவிடச் சிக்கல்: எழுத்தாளர் (1899–1954), 1941இல் அவர் தொடங்கிய வார இதழ், திருமாலின் பத்தாம் அவதாரம். எழுத்தாளரின் கதை அவருடைய இதழில் வந்திருந்தால் ஒரே பதிவில் கல்கி இரண்டு முறை, இரண்டு பொருளில்.

இங்கே கோளாறு பெயரில் இல்லை, நிரலில் இருக்கிறது. 'எழுதியவர்' வேறு, 'எதைப் பற்றி' வேறு. நூலகங்கள் பயன்படுத்தும் மார்க் (MARC) என்ற பட்டியல் முறையில் இதற்குத் தனித்தனி எண்களே உண்டு: நூலை எழுதியவர் 100, நூல் ஒருவரைப் பற்றியது என்றால் 600, ஒரு நிறுவனத்தைப் பற்றியது என்றால் 610, ஒரு இடத்தைப் பற்றியது என்றால் 651. சின்ன வாசிப்பறைக்கு இந்த எண்கள் வேண்டாம். ஆனால் 'குறிச்சொல்' என்று ஒரே நிரல் வைத்து எல்லாவற்றையும் அதில் கொட்டாதீர்கள். பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறியில் ஒரே ஒரு சொல்: உமறுப் புலவர் (கவிஞர்), உமறுப் புலவர் (பள்ளி).

இடப்பெயரில் காலமும் பார்க்க வேண்டும். சிங்கப்பூரில் தேக்கா என்பது பேட்டையின் பெயர், சந்தையின் பெயர், இன்றைய கட்டடத்தின் பெயர். பழைய கண்டாங் கெர்பாவ் சந்தை சாலைக்கு எதிர்ப்புறம் இருந்தது. 1982இல் இப்போதைய கட்டடத்துக்கு மாறியபோது சூஜியாவ் நிலையம் என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். 2000இல்தான் அது அதிகாரபூர்வமாகத் தேக்கா நிலையம் ஆனது. மக்கள் எல்லாக் காலத்திலும் தேக்கா என்றுதான் சொன்னார்கள். 1965இல் எழுதிய சிறுகதையில் வரும் தேக்கா சந்தையை இன்றைய கட்டடத்தின் படத்தோடு இணைத்தால் அது தவறு. ஆண்டைச் சேர்த்து எழுதினால் சரியாகிவிடும்.

அறிகுறி: எத்தனை பேர் என்று யாராலும் சொல்ல முடியவில்லை

ஔவையார். அதியமானோடு பழகியவர், சங்கத்தொகையில் 59 பாடல்கள் அவர் பெயரில் உள்ளன. ஆத்திசூடி பாடியவர் வேறு ஒருவர். எப்படித் தெரியும் என்று நம் பிள்ளைகள் கேட்டால் பாட்டையே காட்டலாம். ஆத்திசூடி ஔவை பெயரில் உள்ள மூதுரையும் நல்வழியும் வெண்பா, இரண்டும் விநாயகரை வணங்கித் தொடங்குகின்றன. சங்க ஔவை பாடியது அகவல், அங்கே விநாயகர் வணக்கம் இல்லை. மொழிநடையும் பல நூற்றாண்டு தள்ளி நிற்கிறது. அதற்கு மேல் இரண்டு ஔவையா, மூன்றா, இன்னும் அதிகமா என்று அறிஞர்களுக்குள் ஒத்த கருத்து இல்லை. பட்டினத்தார், நக்கீரர், கபிலர் பெயர்களிலும் இதே நிலைதான். சங்கக் கபிலரும் பதினோராம் திருமுறையின் கபிலதேவ நாயனாரும் ஒருவரல்லர் என்பதே பொதுவான முடிவு.

இங்கே ஆளை முடிவு செய்யப் போராடாதீர்கள். நூலோடு ஆசிரியரைக் கட்டுங்கள்: 'ஔவையார் (சங்க காலம்)', 'ஔவையார் (ஆத்திசூடி)'. ஒருவரா என்று ஐயம் உள்ள நூலுக்குத் தனிப் பதிவு. இதையே இன்றைய பெயர்களுக்கும் செய்கிறேன். சந்தேகம் இருந்தால் பிரித்தே வைப்பேன். பிரித்து வைத்த இரண்டை நாளை சேர்க்க ஒரு நிமிடம் போதும். தவறாகச் சேர்த்த முப்பத்தொன்றைப் பிரிக்க, ஒவ்வொரு புத்தகத்தையும் மறுபடி கையில் எடுக்க வேண்டும். அதற்குள் அந்தத் தவறு மற்றவர்களின் கட்டுரைகளிலும் ஏறியிருக்கும்.

பிழை உங்கள் பட்டியலில் இல்லை, பெரிய நூலகத்தின் பதிவில் இருக்கிறது

எழுதிப் போடுங்கள், திருத்துகிறார்கள். ஆனால் 'இவர் வேறு, அவர் வேறு' என்று மட்டும் எழுதினால் அவர்களால் எதுவும் செய்ய முடியாது, சான்று வேண்டும். இரண்டு நூல்களின் தலைப்புப் பக்கம், பின்பக்கம், என்னுரையின் கடைசிப் பக்கம் ஆகியவற்றைப் படம் எடுத்து, இரண்டு பதிவுகளின் எண்ணையும் சேர்த்து ஒரே மின்னஞ்சலில் அனுப்புங்கள். அதற்கு முன் வியாஃப் (VIAF, பல நாட்டு நூலகங்களின் பெயர்ப் பதிவுகளை இணைக்கும் இணையதளம்), விக்கித்தரவு (Wikidata) இரண்டிலும் அந்தப் பெயரைத் தேடிப் பாருங்கள். அங்கே ஏற்கெனவே பிரிந்திருந்தால் அந்த எண்ணையும் குறிப்பிடலாம். உயிரோடு இருப்பவரின் பிறந்த தேதியை அவர் அனுமதி இல்லாமல் அனுப்பாதீர்கள். ஆண்டு போதும், அதற்கும் அவரைக் கேட்டுவிடுங்கள்.

கவிஞர் விஷயத்தில் நான் அனுப்பியது ஐந்து படங்கள். என்னுரையின் கீழே பள்ளியின் பெயரும் பொங்கல் நாளும் இருந்தன, அதுவே போதுமானதாக இருந்தது. இப்போது அவர் பெயருக்குப் பின்னால் 'ஆசிரியர், சிங்கப்பூர்' என்று இருக்கிறது. அவர் பெயரைச் சொடுக்கினால் ஒரே ஒரு புத்தகம் வருகிறது.